முதுகில் குண்டூசி வைத்த பூச்சி

அந்தப் பூச்சியில் நான் இதுவரை நானூற்றுப் பதினேழைக் கொன்றிருக்கிறேன். கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே வைத்து நசுக்கியதை மட்டும்தான் சொல்கிறேன். மருந்தடித்துச் செத்தவை எத்தனையோ இருக்கும். அவற்றை நான் கணக்கில் சேர்ப்பதில்லை. என் கண்ணெதிரே சாகாததை நான் கொன்றதாக எப்படிச் சொல்ல முடியும்?

பார்த்தால் கொசு மாதிரிதான் இருக்கும். ஒல்லியான உடம்பு, நீளமான கால், உடம்பைவிட இரண்டு பங்கு நீளத்தில் மீசை. தலை கறுப்பு, கழுத்துப் பக்கம் செங்கல் நிறம், வயிற்றின் அடியில் வெள்ளை. முதுகின் நடுவில் ஒரு முள் நேராக நட்டுக்கொண்டு நிற்கும். அதன் நுனியில் ஒரு சிறு குண்டு. தையல் பெட்டியிலிருந்து ஒரு குண்டூசியை எடுத்து முதுகில் குத்திவிட்ட மாதிரி இருக்கும். இதைப் பார்த்துவிட்டால் பிறகு வேறு எந்தப் பூச்சியோடும் குழப்பிக்கொள்ள முடியாது. இதன் வகையறாவுக்கே இந்தக் குண்டூசிதான் அடையாளம் என்று பிறகு தெரிந்துகொண்டேன்.

இந்தப் பூச்சிக்கும் எனக்கும் விரோதம் வந்தது என் பக்கத்து வீட்டுக்காரரால். அவரை எங்கள் தெருவில் எல்லாரும் மெஸ்யே, அதாவது பிரெஞ்சில் ஐயா, என்றுதான் கூப்பிடுவார்கள். பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர். குடியுரிமையும் அந்த நாட்டுடையது, பென்ஷனும் அங்கிருந்துதான் வரும். மகள் பாரிசுக்குப் பக்கத்தில் எங்கோ இருந்தாள். ஆடியில் கூழ் ஊற்றி முடித்ததும் மகள் வீட்டுக்குக் கிளம்பிவிடுவார். மார்கழியில் அங்கே குளிர் தாங்காமல் திரும்பிவிடுவார். எழுபது வயதிலும் முதுகு வளையாமல் நடப்பார். நான் அவரைவிட நான்கு வயது சிறியவன், ஆனால் என் முதுகு சர்வே ஆபீஸ் மேஜையின் மேல் முப்பத்து மூன்று வருஷம் வரைபடம் போட்டே வளைந்துவிட்டது. இதையும் அவர் ஒருமுறை சொல்லிக் காட்டியிருக்கிறார்.

நான் பாண்டிச்சேரி மூலக்குளத்தில் வீடு கட்டிக் குடிவந்தபோது எங்கள் தெருவில் பதினோரு வீடுகள். நான் சொல்லப்போகும் காலத்தில், அதாவது இரண்டாயிரம் பிறந்து நாலைந்து வருஷம் கழித்து, இருபத்தாறு வீடுகள். தெருவுக்கு ஒரே ஒரு பெரிய மரம், மெஸ்யே வீட்டு வாசலில் நின்ற வேம்பு. அதன் அடியில் ஒரு கல்லுக்கு மஞ்சள் பூசி அம்மனாக வைத்திருந்தார்கள். ஆடியில் தெருவே அங்கேதான் கூழ் ஊற்றும். மரத்தின் கிளைகளில் பாதி என் மொட்டைமாடிக்கு மேல் நீட்டிக்கொண்டிருந்தது. சித்திரையில் பூ, ஆனியில் பழம், மற்ற மாதங்களில் சருகு, எல்லாம் என் தண்ணீர்த் தொட்டியில். மூன்று கிளைகளை மட்டும் வெட்டிக்கொடுங்கள் என்று அவரிடம் மூன்று முறை கேட்டிருக்கிறேன். மூன்று முறையும், அம்மா மரத்தில் கத்தி வைக்க முடியாது, தொட்டிக்கு ஒரு மூடி வாங்கிப் போடுங்கள் என்றார். மூன்றாவது முறை எனக்குக் கோபம் வந்து, இந்த மரம் என்றைக்கு ஒழியுமோ அன்றைக்குத்தான் எனக்கு நல்ல தண்ணீர் என்று சொல்லிவிட்டு வந்தேன். தெருவில் நின்று சொன்னேன். சொல்லியிருக்கக் கூடாது என்று இப்போதும் நான் நினைக்கவில்லை. தொட்டிக்குள் எட்டிப் பார்த்த யாரும் அதைத்தான் சொல்வார்கள்.

அந்த வருஷம் அவர் பிரான்சுக்குப் போனபின் மழை நன்றாகப் பெய்தது. ஐப்பசி பாதியில் என் கொல்லைக் கொய்யாவில் காய்களெல்லாம் சொறி பிடித்துப்போயின. நன்றாகப் பருத்து வந்த காய்களின் மேல் அம்மைத் தழும்பு மாதிரி பழுப்புப் புள்ளிகள், தொட்டால் தக்கை மாதிரி தடிப்பு. மரத்தில் அறுபத்திரண்டு காய்கள் இருந்தன. தழும்பு இல்லாதவை ஏழு. மீதியை என் மனைவி முகம் சுளித்துக்கொண்டே அறுத்து உப்புமிளகாய் போட்டாள்.

அதே நேரத்தில் வேம்பும் கருக ஆரம்பித்தது. முதலில் கிளைகளின் நுனிக் கொழுந்து தொங்கியது. பிறகு நுனியிலிருந்து ஒரு முழம் நீளத்துக்கு இலையெல்லாம் பழுப்பேறி, யாரோ தீப்பந்தத்தை எடுத்து மரத்தைச் சுற்றி நீவிவிட்ட மாதிரி ஆயிற்று. உண்மையைச் சொன்னால் எனக்கு வருத்தம் ஏதும் இல்லை. தொட்டியில் சருகு விழுவது கொஞ்ச நாள் அதிகமாகும், பிறகு நின்றுவிடும் என்று நினைத்தேன்.

கார்த்திகையில் என் மனைவி குளியலறை ஓடுகளில் பாசி பிடித்திருக்கிறது என்று சொல்லி, சைக்கிளில் ஆசிட், பினாயில் விற்றுக்கொண்டு வருபவரிடம் இரண்டு பாட்டில் ஆசிட் வாங்கினாள். ஓடுகள் வெளுத்தன. காலி பாட்டில்கள் இரண்டும் தெருமுனைக் குப்பைத்தொட்டிக்குப் போயின.

மார்கழியில் மெஸ்யே திரும்பினார். வந்த மறுநாள் காலை பால்பூத்தில் எல்லாரும் பாக்கெட்டுக்கு நின்றுகொண்டிருந்தோம். என்னையும் அவரையும் தவிர பதினான்கு பேர். நான் வரிசையில் நிற்கும்போது தலைகளை எண்ணுவது வழக்கம், அதனால் இந்தக் கணக்கில் தவறு இல்லை. அவர் வரிசைக்கு வரவில்லை. நேராக என் முன்னால் வந்து நின்றார். கையில் அந்த இரண்டு காலி பாட்டில்கள். தெருவில் யாரோ குப்பைத்தொட்டியிலிருந்து எடுத்து வைத்திருந்து கொடுத்திருக்க வேண்டும்.

“சார், தண்ணி நல்லா இருக்குதா இப்ப?”

எனக்கு ஒரு நொடி புரியவில்லை. எந்தத் தண்ணி என்று கேட்டேன்.

“மழ காலத்துல உலகமே பச்சையா நிக்குது. எங்க அம்மா மரம் மட்டும் எப்புடி கருவும்? வேருல ஆசிட் ஊத்தினா கருவும்.” பாட்டில்களைத் தூக்கிக் காட்டினார். “கேட்டா குடுத்துருப்பனே சார், மூணு கிளைய. மொத்தமா கொன்னுட்டீங்களே.”

கேட்டேனே, மூன்று முறை கேட்டேனே என்பதுதான் என் வாயில் வந்தது. அதைச் சொல்லி முடித்த பிறகுதான், நான் ஊற்றவில்லை என்பதை முதலில் சொல்லியிருக்க வேண்டும் என்று தெரிந்தது. அதற்குள் பதினான்கு பேரும் நான் ஒப்புக்கொண்டதாகவே முகத்தை வைத்துக்கொண்டார்கள். பிறகு சொன்ன எதுவும் எடுபடவில்லை. வரிசையில் எனக்கு முன்னால் நின்ற பூக்காரம்மா கூடையை இடுப்பில் மாற்றி வைத்துக்கொண்டு என்னைவிட்டு ஓர் அடி தள்ளி நின்றாள். ஆசிட் இன்னும் என் கையில் இருக்கிறது என்பது போல.

வீட்டுக்கு வந்து மனைவியிடம் சொன்னேன். அவள் பாலை அடுப்பில் வைத்துவிட்டு, “பாத்ரூமு கழுவுனேன்னு சொல்றதுதான?” என்றாள். இதைப் பதினான்கு பேர் எதிரில் நின்று சொல்ல வேண்டியவன் நான். அவளுக்கு அடுப்பு முன்னால் சுலபமாக வந்துவிட்டது.

ஒரு வாரத்தில் மரத்துக்கு மஞ்சள் துணி கட்டினார்கள். வேரில் குடம் குடமாக மஞ்சள் தண்ணீர் ஊற்றினார்கள், விஷத்தை முறிக்க. பூக்காரம்மா என் வீட்டுக்கு மட்டும் பூ போடாமல் தாண்டிப் போனாள். மனைவி மார்க்கெட்டிலிருந்து வாங்கிவர ஆரம்பித்தாள். அதுதான் என்னை மிகவும் உறுத்தியது.

நான் ஊற்றவில்லை என்றால் வேறு எது மரத்தைக் கருக்கியது? அதைக் கண்டுபிடித்து இவர்கள் முகத்தில் எறிய வேண்டும் என்று முடிவு செய்தேன். சர்வே ஆபீசில் வரைபடம் பார்க்க வைத்திருந்த பூதக்கண்ணாடி பெட்டியில் இருந்தது. அதை எடுத்துக்கொண்டு விடியற்காலையில் மொட்டைமாடிக்குப் போய், என் தலைக்கு மேல் நீண்டிருந்த கிளையை வளைத்துப் பிடித்துப் பார்த்தேன். வெயில் ஏறிவிட்டால் பூச்சி உள்ளே ஒளிந்துவிடும் என்பது அப்போது எனக்குத் தெரியாது. தூக்கம் வராததால்தான் அந்த நேரத்தில் போனேன். அதனால்தான் அது மாட்டியது.

பச்சைக் கொழுந்தின் மேல் உட்கார்ந்து, மூக்கை உள்ளே செருகி, அசையாமல் குடித்துக்கொண்டிருந்தது. முதுகில் குண்டூசி. பக்கத்தில் அதன் குஞ்சு, சிவப்பெறும்பு மாதிரி, தேன் நிறத்தில். அவை குத்திய இடமெல்லாம் தண்ணீர் ஊறின மாதிரி ஒரு புள்ளி. அந்தக் கிளையில் நான் ஒரு நூலைக் கட்டி அடையாளம் வைத்தேன். மறுநாள் புள்ளிகள் கறுத்திருந்தன. இரண்டு நாள் கழித்துக் கொழுந்து தொங்கிவிட்டது. கீழே இறங்கிக் கொய்யாவைப் பார்த்தால் அங்கேயும் அதுவே. காய்களின் சொறிக்கும் மரத்தின் கருகலுக்கும் ஒரே வாய்.

முட்டையைக் கண்டுபிடிக்கத்தான் அதிக நாளாயிற்று. இளந்தண்டுக்குள் செருகி வைத்துவிடுகிறது. வெளியில் தெரிவது இரண்டு வெள்ளை மயிர்கள் மட்டும், ஒன்று நீளம், ஒன்று குட்டை. வெள்ளிக் கம்பி மாதிரி மினுங்கும். இரண்டு மயிர் என்றால் ஒரு முட்டை. ஒரு விரல் நீளத் தண்டில் இருபத்திரண்டு மயிர்களை எண்ணினேன். பதினோரு முட்டை. என் தெருவில் நான் குடிவந்தபோது இருந்த வீடுகளின் எண்ணிக்கை. ஒவ்வொன்றும் என் பேரைக் கெடுக்கப் பிறக்கப்போவது. அந்தத் தண்டைக் கிள்ளித் தரையில் போட்டுச் செருப்பால் தேய்த்தேன். அன்றிலிருந்து தினமும் காலையில் கொலைதான். மாடிக் கைப்பிடிச் சுவரில் சாக்பீஸால் ஐந்தைந்தாகக் கோடு போட்டேன்.

ஆறு பூச்சிகளை ஒரு ஹார்லிக்ஸ் பாட்டிலில் போட்டுக்கொண்டு, பயிர்ப் பூச்சிகளைப் பற்றிப் படித்த ஓர் அம்மாளைப் போய்ப் பார்த்தேன். விவசாயத் துறையில் வேலையில் இருந்தவர், என் மகள் வயதுதான் இருக்கும். பாட்டிலை வெளிச்சத்தில் பிடித்த உடனே சிரித்தார்.

“ஹீலோபெல்டிஸ். தேயிலைக் கொசுன்னு சொல்வாங்க சார்.”

பாண்டிச்சேரியில் தேயிலை ஏது என்று கேட்டேன். முதலில் தேயிலைத் தோட்டக்காரர்கள் கையில் மாட்டியதால் அந்தப் பேர் வந்துவிட்டது, இது கொசுவும் இல்லை, செடியின் சாற்றைக் குடிக்கும் நாவாய்ப்பூச்சி என்று விளக்கினார். இந்தப் பேரில் உலகத்தில் பல இனங்கள் உண்டாம். நம் பக்கத்தில் மூன்று. தேயிலையில் அதிகமாகத் தெரிவது தியிவோரா, அதற்கு வயிறு பச்சை. பிராடியி என்று ஒன்று, அதைக் கண்ணால் பிரிப்பது கஷ்டம், ஆணின் வயிற்று நுனியைத் திறந்து பார்க்க வேண்டும். என் பாட்டிலில் இருந்தது அந்தோனியி. கழுத்தின் செங்கல் நிறமும் வயிற்று வெள்ளையும் அதற்குத்தான். பண்ருட்டிப் பக்கத்து முந்திரிப் பூவையெல்லாம் கருக்குவது இதுவே, கொய்யாவும் வேம்பும் இதற்கு ரொம்பப் பிடிக்கும் என்றார்.

வேம்பா? எல்லாப் பூச்சிக்கும் வேப்பெண்ணெய் அடி என்றுதான் எனக்கு எல்லாரும் சொன்னார்கள். நானும் கொய்யாவுக்கு இரண்டு தடவை அடித்திருந்தேன். அந்த அம்மாள் மறுபடியும் சிரித்தார். “வேப்பங்கொழுந்தையே குடிக்கிறது சார் இது. நீங்க அதுக்கு ஊறுகா வெச்சிருக்கீங்க.”

வேம்பு செத்துவிடாது, குளிர் போனதும் பூச்சி குறைந்து, பங்குனியில் தானாகத் துளிர்க்கும் என்றும் சொன்னார். இதையெல்லாம் ஒரு தாளில் எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தரச் சொன்னேன். மரத்தைப் பார்க்காமல் எழுதித் தர முடியாது என்றுவிட்டார். நியாயம்தான். ஆனாலும் எனக்குக் கோபம் வந்தது.

மறுநாளே பாட்டிலோடு மெஸ்யே வீட்டுக் கதவைத் தட்டினேன். அவர் வாசலில் நின்றே பாட்டிலை வாங்கிப் பார்த்தார். பூச்சிகள் அதற்குள் காய்ந்து, கால்கள் உதிர்ந்து, குண்டூசி எது மீசை எது என்று தெரியாமல் கிடந்தன. நான் தேயிலைக் கொசு என்று ஆரம்பித்ததுதான் தப்பு. ஹீலோபெல்டிஸ் அந்தோனியி என்று ஆரம்பித்திருக்க வேண்டும். லத்தீன் என்றால் கொஞ்சமாவது காது கொடுத்திருப்பார்.

“தேயில கொசுவா? மூலக்குளத்துலயா?” தெருவைப் பார்த்துச் சத்தமாகக் கேட்டார். “ஆப்பிரிக்காவுல கொசு கடிச்சு ஆள் செத்து பாத்துருக்கேன் சார். மரம் செத்து பாத்ததில்ல.”

எதிரே பால்பூத்துக்காரர் காலி டிரேக்களை அடுக்கிக்கொண்டிருந்தார். அவர்தான் முதலில் சிரித்தார். “முனிசிபாலிட்டிக்கு சொல்லி மரத்துக்குப் பொக அடிக்கச் சொல்லலாம் மெஸ்யே.”

அன்றிலிருந்து எனக்குப் பேர் கொசு சார். ஆசிட் ஊற்றியவன் என்ற பேரைவிட இது கேவலமாக இருந்தது. ஆசிட் ஊற்றியவனைக் கண்டால் பயமாவது இருக்கும்.

பங்குனியில் வேம்பு துளிர்த்தது. தாமிர நிறத்தில் கொழுந்து விட்டு, பத்துப் பதினைந்து நாளில் மரமே மூடிக்கொண்டது. பூச்சியைப் படித்த அம்மாள் சொன்னபடியே. நான் தெருவில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன், யாராவது வந்து ஒரு வார்த்தை சொல்வார்கள் என்று. தெரு முழுக்க அம்மனைப் பற்றித்தான் பேச்சு. மஞ்சள் தண்ணீர் விஷத்தை முறித்ததாம், அம்மா எழுந்துவிட்டாளாம். மெஸ்யே கல்லுக்கு வெள்ளியில் கண்மலர் வாங்கிப் பதித்தார்.

ஆடி வந்தது. கூழுக்குக் கேழ்வரகு சேகரிக்க வீடு வீடாக வருவார்கள். ஒரு வீட்டுக்கு ஒரு படி. எங்கள் வீட்டைத் தாண்டிப் போவார்கள் என்றுதான் எதிர்பார்த்தேன். மனைவியும் அதையேதான் எதிர்பார்த்திருப்பாள், அந்த வருஷம் கேழ்வரகே வாங்கவில்லை. ஆனால் பால்பூத்துக்காரர் கேட்டைத் திறந்துகொண்டு வந்தார்.

“மெஸ்யே சொல்லிட்டாரு சார். அம்மாவே மன்னிச்சு துளிர்த்துட்டா, அப்புறம் நமக்கு இன்னா. எல்லாரும் மறந்துட்டோம். ஒரு படி குடுங்க.”

விரோதம் என்பது என்ன என்று எனக்கு அந்த நிமிஷம்தான் முழுசாகத் தெரிந்தது. அதுவரை இருந்தது வெறும் ஆத்திரம். செய்யாத குற்றத்துக்கு என்னைத் திட்டியதைப் பொறுத்துக்கொள்ளலாம். செய்யாத குற்றத்துக்கு என்னை மன்னிக்க இவர்கள் யார்? மன்னிப்பை வாங்கிக்கொண்டால் குற்றம் என்னுடையதாகிவிடும். அதன்பின் எத்தனை பூச்சியைக் கொன்றும் பிரயோஜனம் இல்லை.

“கேழ்வரகு இல்ல,” என்றேன். “இருந்தாலும் குடுக்க மாட்டேன். நான் ஊத்தலன்னு மெஸ்யே சொல்லட்டும், ஒரு மூட்ட குடுக்கறேன்.”

அவர் என் மனைவியைப் பார்த்தார். அவள் அடுப்பங்கரைக்குள் போய்விட்டாள். கூழ் ஊற்றிய அன்று மேளச் சத்தம் கேட்டபடியே நாங்கள் இருவரும் சாப்பிட்டோம். “உங்க ரோஷத்துக்கு கூழும் போச்சு,” என்றாள்.

அவர் வழக்கம்போல் பிரான்சுக்குப் போனார். நான் மழைக்காகக் காத்திருந்தேன். வேண்டிக்கொண்டு காத்திருந்தேன் என்றே சொல்லலாம். தினமும் கொன்றுகொண்டிருந்த பூச்சி இந்த வருஷம் ஊர் முழுக்கப் பெருகட்டும் என்று வேண்டியவன் நானாகத்தான் இருப்பேன். பெருகியது. ஐப்பசியில் எங்கள் வேம்பின் நுனி தொங்கியது. கார்த்திகையில் பஸ்ஸில் போகும்போது ஜன்னல் வழியே பார்த்தால் வில்லியனூர் ரோட்டின் இரண்டு பக்கமும் வேம்புகள் கருகி நின்றன. சந்தோஷத்தில் இறங்க வேண்டிய இடத்தைத் தாண்டிப் போய்விட்டேன்.

மார்கழியில் மெஸ்யே வந்து இறங்கிய அன்று, பெட்டியை உள்ளே வைத்துவிட்டு மரத்தடிக்கு வந்து மேலே பார்த்தார். பிறகு என் கேட்டைப் பார்த்தார். நான் அங்கே ஓர் ஆட்டோவை நிறுத்தி வைத்திருந்தேன்.

“ஏறுங்க மெஸ்யே.”

“எங்க?”

“மரம் எண்ண. நான் எண்ணினா நம்ப மாட்டீங்க. நீங்களே எண்ணுங்க.”

பட்டாளத்துக்காரர். சவால் என்று தெரிந்தபின் மறுக்க அவருக்கு வராது. ஏறிவிட்டார். ரெட்டியார்பாளையம் வழியாகப் போய், வடக்கே திரும்பி, கருவடிக்குப்பம் வரை போகச் சொன்னேன். நான் வாயைத் திறக்கவில்லை. அவர் ஓரமாக உட்கார்ந்து விரலை மடக்கி அன், தெ, த்ருவா என்று பிரெஞ்சில் எண்ணினார். கருகின மரத்துக்கு வலது கை, நல்ல மரத்துக்கு இடது கை. இடது கைக்கு அதிக வேலை இல்லை. பத்தாவது மரம் வரை கொஞ்சம் உரக்க எண்ணினார். அதன்பின் குரல் குறைந்துகொண்டே வந்தது. ஆட்டோக்காரர் திரும்பிப் பார்த்து, இன்னா சார் மரம் வெட்டற காண்ட்ராக்டா என்று கேட்டார். மெஸ்யே அடுத்த மரத்துக்கு விரலை மடக்கினார்.

கருவடிக்குப்பத்தில் ஒரு சின்ன அம்மன் கோயில். அதன் வாசலில் எங்கள் மரத்தைவிடப் பெரிய வேம்பு. உச்சி முதல் அடிக்கிளை வரை கருகியிருந்தது. மெஸ்யே இறங்கினார். செருப்பைக் கழற்றிவிட்டு மரத்தடியில் நின்று வெகுநேரம் மேலே பார்த்தார். நான் பக்கத்தில் போய், தாழ்ந்திருந்த ஒரு கிளையை வளைத்து, பூதக்கண்ணாடியை அவர் கையில் கொடுத்தேன். ஒரு பூச்சி உட்கார்ந்திருந்தது, உயிரோடு, முழுசாக. எனக்கு அதன்மேல் முதல் தடவையாக ஒரு நன்றி வந்தது.

“முதுவுல இன்னா அது?”

“குண்டூசி.”

கண்ணாடியை இறக்கினார். நாற்பத்து மூன்று மரங்களில் முப்பத்தெட்டு என்றார். என் மனசுக்குள் இருந்த கணக்கும் அதுவே.

“அம்மா கோயிலு மரத்தையே இது விட்டு வெக்கலியே சார்.” பூதக்கண்ணாடியை என் கையில் திருப்பிக் கொடுத்துவிட்டு, “நீங்க ஊத்தல,” என்றார்.

“இத எங்கிட்ட சொல்லாதீங்க. எனக்குத் தெரியும். பால்பூத்துல சொல்லுங்க.”

திரும்பி வரும்போது பாதி வழியில், இதற்கு என்ன மருந்து அடிப்பது, இந்த வருஷமாவது மரத்தைக் காப்பாற்ற வேண்டும் என்று கேட்டார். பணிந்த குரலில்தான் கேட்டார். இதற்காகத்தான் நான் ஒரு வருஷம் காத்திருந்தேன்.

“மருந்தெல்லாம் எதுக்கு? பங்குனில தானா துளிர்க்கும். அம்மா மன்னிச்சுடுவா, மெஸ்யே.”

அவருக்கு உறைத்தது. வீடு வரும்வரை பேசவில்லை. அந்த மௌனத்தின் ருசி இன்னும் என் நாக்கில் இருக்கிறது. மனிதர் ஆனாலும் பின்வாங்கவில்லை. மறுநாள் காலை பால்பூத்தில் வரிசைக்கு முன்னால் போய் நின்று, அணிவகுப்பில் பேசுவது மாதிரி பேசினார். மரத்தைக் கருக்கியது ஒரு பூச்சி, தன் கண்ணால் பார்த்ததாகச் சொன்னார், சார் மேல் பழி போட்டது தன் தப்பு, மன்னிக்க வேண்டும், பார்தோன் என்று முடித்துவிட்டு என் கையைப் பிடித்துக் குலுக்கினார். பால்பூத்துக்காரர் எனக்கு அன்றைக்கு முதல் பாக்கெட் கொடுத்தார்.

நான் தலைகளை எண்ணினேன். கூட்டம் நிறையத்தான் இருந்தது. ஆனால் பழியைக் கேட்ட பதினான்கு பேரில் அன்று அங்கே இருந்தவர்கள் ஒன்பது பேர்தான். ஐந்து பேர் இல்லை. அந்த ஐந்து பேரின் மனசில் நான் இன்னும் ஆசிட் பாட்டிலோடு நின்றுகொண்டிருந்தேன்.

நாலு பேரைத் தேடிப்பிடிப்பது கஷ்டமாக இல்லை. ஒருவரை ரேஷன் கடையில், இருவரை அவரவர் வீட்டில், ஒருவரைக் கல்யாண மண்டபத்துக் கைகழுவுமிடத்தில் பிடித்துச் சொன்னேன். ஈரக்கையோடு நின்று கேட்டுக்கொண்டார், வேறு வழி இல்லை. ஐந்தாவது ஆள் பூக்காரம்மா. மகனோடு அரியாங்குப்பத்துக்குக் குடிபோய்விட்டாள் என்றார்கள். என்னைவிட்டு ஓர் அடி தள்ளி நின்றவள். அவளை விட முடியாது. மனைவி, போய்த்தான் ஆகணுமா என்று கேட்டாள். புதுசாக ஒரு பூச்சியைப் பிடித்து, இந்த முறை ஸ்பிரிட் ஊற்றிக் கால் உதிராமல் பாட்டிலில் போட்டுக்கொண்டு பஸ் ஏறினேன்.

பாலத்தைத் தாண்டிக் கடைத்தெருவில் விசாரித்ததில் கண்டுபிடித்துவிட்டேன். ஒரு மளிகைக்கடை ஓரத்தில் உட்கார்ந்து கதம்பம் கட்டிக்கொண்டிருந்தாள். என்னை அடையாளம் தெரிந்தது. அம்மா நல்லா இருக்குதா என்று என் மனைவியைப் பற்றிக் கேட்டாள். நான் நேராக விஷயத்துக்கு வந்தேன்.

“வேப்பமரத்துக்கு நான் ஆசிட் ஊத்தலம்மா.”

“எந்த மரம் சார்?”

நான் முதலிலிருந்து சொல்ல வேண்டியதாயிற்று. பால்பூத்து, காலி பாட்டில், பதினான்கு பேர், நீ தள்ளி நின்றது. தள்ளி நின்றது அவளுக்கு ஞாபகம் இல்லை. ஏன் பூ போடுவதை நிறுத்தினாய் என்று கேட்டதற்கு, முழங்கால் வலியில் உங்கள் பக்கத்து ஐந்து வீடுகளை விட்டுவிட்டேன் என்றாள். பூச்சியைக் காட்டினேன். குண்டூசியைக் காட்டினேன். கருவடிக்குப்பம் கோயில் மரத்தைச் சொன்னேன். கை நாரை முடிந்துகொண்டேயிருந்தது, ஆனால் கவனமாகத்தான் கேட்டாள். முழுசும் கேட்டு முடித்துவிட்டு முடிச்சைப் பல்லால் கடித்து இறுக்கினாள்.

“அப்ப ஆசிட்ட யாருதான் சார் ஊத்தனது?”

நான் பாட்டிலை மூடினேன். மறுபடி சொல்லலாமா என்று யோசித்தேன். அவள் இரண்டு முழம் கதம்பத்தை இலையில் சுருட்டி, அம்மாவுக்குக் கொடுங்கள் என்று நீட்டினாள். வாங்கிக்கொண்டு பஸ்ஸுக்கு நின்றேன். பதினான்கில் பதின்மூன்று.

வீட்டுக்கு வந்ததும் மனைவி பூவை வாங்கித் தலையில் வைத்துக்கொண்டு, ஒத்துக்கிட்டாளா என்று கேட்டாள். நான் கொல்லைக்குப் போனேன். வெயில் தாழ்ந்துவிட்டிருந்தது, அவை வெளியே வரும் நேரம். கொய்யாவின் கீழ்க்கிளையில் ஒன்று மூக்கைச் செருகிக்கொண்டு உட்கார்ந்திருந்தது. இரண்டு விரலால் பிடித்தேன். நானூற்றுப் பதினேழாவது.